பேசாத கேமராவும் கட்சி கட்டும்

மூக்கு வழியாக விட்ட ரப்பர் குழாயில் ஒரு கைதிக்கு வலுக்கட்டாயமாக உணவு ஊற்றுகிறார் மருத்துவர். அவர் வாயில் சிகரெட். நுனியில் சாம்பல் நீண்டு தொங்குகிறது. கீழே, உணவு ஊற்றும் புனல். விழுமா, விழாதா என்று பதறும்போதே அந்த இடம் எப்படிப்பட்டது என்று பார்ப்பவருக்குப் புரிந்துவிடுகிறது. பின்னணிக் குரல் எதற்கு?

1967-ல் வெளியான 'டிட்டிகட் ஃபாலிஸ்' ஆவணப்படக் காட்சி இது. எடுத்தவர் ஃபிரடெரிக் வைஸ்மன். சட்டப் பேராசிரியராக இருந்தபோது மாணவர்களைக் கூட்டிப்போய்க் காட்டிய பிரிட்ஜ்வாட்டர் சிறை மனநல மருத்துவமனைக்கு, பிறகு கேமராவோடு போனார். கைதிகளின் அந்தரங்கம் கெடுகிறது என்று மாசசூசெட்ஸ் அரசு வழக்குப் போட்டது. பொதுமக்கள் பார்க்க 1991 வரை தடை. அவர்களை அம்மணமாக அடைத்து வைத்தபோது இந்த அக்கறை எங்கே போயிருந்தது? ஆனாலும் அரசின் வாதத்தை முழுக்கத் தள்ளிவிட முடியாது. மனம் பேதலித்தவர் தலையாட்டினால் அது சம்மதமா?

வைஸ்மன் படங்களில் பேட்டி, வர்ணனை, பின்னணி இசை எதுவும் கிடையாது. ஒலிப்பதிவை அவரே செய்தார். சில வாரங்களில் படம்பிடித்ததை மாதக்கணக்கில் உட்கார்ந்து வெட்டினார். 'சுவரில் உட்கார்ந்த ஈ' என்று இந்த முறையைச் சொல்வது அவருக்குப் பிடித்ததில்லை. நியாயம்தான். எதை வைப்பது, எதை எறிவது என்ற கவலை ஈக்கு ஏது?

கத்தரி எடுத்தவன் கட்சியும் எடுத்துவிடுகிறான். அதே குழாய்க் காட்சியின் நடுநடுவே, அந்த மனிதர் இறந்தபின் உடலைச் சவரம் செய்து அடக்கத்துக்குத் தயார் செய்வதையும் கோத்திருந்தார் வைஸ்மன். தேவைக்கு மேல் அழுத்திவிட்டோம் என்று பின்னாளில் அவரே சொன்னார். வர்ணனை இல்லாத படம் நடுநிலையானது என்று நம்புகிறவர்கள் இந்த இடத்தை இன்னொரு தடவை பார்க்கலாம்.

அந்தப் பாடம் 1975-ல் வந்த 'வெல்ஃபேர்' படத்தில் தெரிகிறது. நியூயார்க்கில் ஓர் உதவித்தொகை அலுவலகம், 167 நிமிடம். இந்த மேசையில் கேட்டால் அந்த மேசைக்குப் போ என்கிறார்கள். போனால் ஒரு தாள் குறைகிறது. அரசு அலுவலக வாசலில் கால்கடுக்க நின்றவர்களுக்கு மொழிபெயர்ப்பே வேண்டாம். கவுன்டருக்கு அந்தப் பக்கம் இருப்பவரும் வில்லன் இல்லை, விதிமுறைக்குள் மாட்டிக்கொண்டு அலுத்துப்போன இன்னொரு சாமானியர். நம் தொலைக்காட்சிக்காரர்கள் கையில் இது கிடைத்திருந்தால், 'கண்ணீர்க் கதை' என்று தலைப்பு வைத்து, வயலினைச் சேர்த்து, இருபதே நிமிடத்தில் முடித்திருப்பார்கள். அழ வேண்டிய இடத்தையும் அவர்களே காட்டிக் கொடுத்திருப்பார்கள்.

படம் முடியும் தறுவாயில் காத்திருப்போர் நடுவே ஒருவர், யாரிடம் என்று இல்லாமல் பேசத் தொடங்குகிறார். நாள் கணக்குச் சொல்கிறார். பெக்கெட்டின் நாடகத்தில் கடைசிவரை வராமலே போன கோடோவை நினைவுபடுத்துகிறார். எந்த வசனகர்த்தாவும் எழுதிக் கொடுத்ததல்ல அது. அவர் சொல்லி முடிக்கும்வரை கேமரா காத்திருக்கிறது.