கேட்காமல் ஏலம் விட்ட மண்

புதுச்சேரியைச் சேர்ந்த காரைக்கால் மண்ணுக்கு அடியில் கிடக்கும் எண்ணெயையும் எரிவாயுவையும் யாருக்குக் கொடுப்பது என்று டெல்லியில் முடிவாகி, ஒப்பந்தமும் கையெழுத்தான பிறகுதான் ஊர்க்காரர்கள் பேப்பரில் படித்துத் தெரிந்துகொள்கிறார்கள். 2017 பிப்ரவரியில் மத்திய அரசு ஒப்புதல் தந்த 31 சிறு எண்ணெய் வயல் பகுதிகளில் புதுக்கோட்டை மாவட்டத்து நெடுவாசலும் இருந்தது, காரைக்காலும் இருந்தது. நெடுவாசல் கொதித்தது, நாடே திரும்பிப் பார்த்தது. காரைக்கால் பகுதி பாரத் பெட்ரோ ரிசோர்சஸ் நிறுவனத்துக்குப் போன சேதி அமுங்கிப்போனது. 2018 அக்டோபரில் காவிரிப் படுகையில் மேலும் இரண்டு வட்டாரங்கள் வேதாந்தா நிறுவனத்துக்குப் போயின. மக்களைக் கேட்காமல் மண்ணை ஏலம் விடும் இந்த முறையை வன்மையாகக் கண்டிக்கிறோம்.

ஏலத்தில் எதை எடைபோடுகிறார்கள்? வருவாயில் அரசுக்கு எவ்வளவு பங்கு, எவ்வளவு ஆய்வுப் பணி முடித்துத் தருவார்கள் என்பதைத்தான். சிறு வயல் ஏலத்தில் எண்ணெய்த் துறை முன்அனுபவம்கூடக் கேட்கப்படவில்லை. ஒரே உரிமத்தை வைத்துக்கொண்டு எல்லா வகை ஹைட்ரோகார்பனையும் எடுக்கலாம். கடைமடைத் தண்ணீருக்கு இந்தக் கணக்கில் இடமே இல்லை. காவிரியில் புதுச்சேரிக்கு உள்ள பங்கு 7 டிஎம்சி. காரைக்கால் சாகுபடி அதை நம்பித்தான் நடக்கிறது. அரசலாறும் நாட்டாறும் காய்ந்தால் போர் போட வேண்டும், கடலோரத்தில் போர்த் தண்ணீரோ உப்புக் கரிக்கிறது. இந்த நிலத்தில் இன்னொரு துளையா என்று கேட்கும் விவசாயிக்கு ஏல ஆவணம் என்ன பதில் வைத்திருக்கிறது?

எண்ணெய் நிறுவனமான ஓஎன்ஜிசியால் வேலை பெற்ற குடும்பங்கள் இங்கே உண்டு, அதை மறுக்கவில்லை. ஆனால் 2023 மார்ச்சில், காரைக்கால் எல்லையை ஒட்டிய நாகூர் பட்டினச்சேரியில் சிபிசிஎல் எண்ணெய் நிறுவனத்தின் குழாய் உடைந்து கச்சா எண்ணெய் கடலில் பரவியபோது, வலையைக் கரையில் போட்டுவிட்டுப் போராடியவர்கள் மீனவர்கள்தான்.

ஏலம் ஒழுங்காக நடந்தால் போதும் என்று பெட்ரோலிய அமைச்சகம் நினைத்தால் அது தவறு. குடியரசுத் தலைவர் கேட்ட விளக்கத்துக்கு 2012ல் பதில் சொன்ன சுப்ரீம் கோர்ட், எல்லா இயற்கை வளத்துக்கும் ஏலம் கட்டாயமில்லை, பொது நலனே அளவுகோல் என்றது. 2014ல் 204 நிலக்கரிச் சுரங்க ஒதுக்கீடுகளையும், 2018ல் கோவாவில் 88 சுரங்கக் குத்தகைப் புதுப்பிப்புகளையும் ரத்து செய்ததும் அதே கோர்ட்தான். கையெழுத்தாகிவிட்ட ஒப்பந்தத்தை இனி யார் கேட்பது என்ற மெத்தனம் நீதிமன்றத்தில் நிற்காது.

மத்திய அரசோ எதிர்த்திசையில் நடந்தது. 2020 ஜனவரியில் ஓர் அறிவிக்கை போட்டு, ஆய்வுக் கிணறுகளுக்கு மக்கள் கருத்துக்கேட்புக் கூட்டமே வேண்டாம் என்றது. அடுத்த மாதமே தமிழ்நாடு பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் கொண்டுவந்தது. நாகப்பட்டினமும் திருவாரூரும் அதற்குள் வந்தன. ஆனால் நாகூரிலிருந்து வாஞ்சூர் செக்போஸ்ட்டைத் தாண்டிக் காரைக்காலுக்குள் வந்துவிட்டால் அந்தச் சட்டம் செல்லாது. வரப்புக்கு அந்தப் பக்கம் பாதுகாக்கப்பட்ட மண், இந்தப் பக்கம் ஏலத்துக்குரிய மண் என்பது என்ன நியாயம்? புதுச்சேரி சட்டமன்றம் 2019ல் ஹைட்ரோகார்பனுக்கு எதிராகத் தீர்மானம் போட்டது. தீர்மானம் கிணறு தோண்டுபவரைத் தடுக்காது, சட்டம்தான் தடுக்கும். நிலமும் வேளாண்மையும் மாநிலப் பட்டியலில் உள்ளவை. அவற்றில் சட்டம் இயற்றும் அதிகாரத்தை 1963ஆம் ஆண்டின் யூனியன் பிரதேச அரசுகள் சட்டம் புதுச்சேரிக்குத் தந்திருக்கிறது. ஆளுங்கட்சியும் எதிர்க்கட்சியும் துணைநிலை ஆளுநரைக் கைகாட்டிக்கொண்டு காலத்தைக் கடத்தக் கூடாது.

காரைக்காலைத் தொடும் ஒவ்வோர் ஒப்பந்தமும் இன்று எந்த நிலையில் இருக்கிறது, எந்தெந்த சர்வே எண்கள் அதில் வருகின்றன என்பதைக் கலெக்டர் அலுவலகத்திலும் ஐந்து கொம்யூன் அலுவலகங்களிலும் தமிழில் எழுதி ஒட்ட வேண்டும். அமைச்சகம் அந்த ஒப்பந்தங்களைத் திரும்பப் பெற்று, அரசிதழில் அறிவிக்க வேண்டும். 2020 அறிவிக்கையை ரத்து செய்து, கருத்துக்கேட்புக் கூட்டத்தை டெண்டர் விடுவதற்கு முன்பே நடத்தும்படி விதியைத் திருத்த வேண்டும். வருகிற கூட்டத்தொடரிலேயே வேளாண் மண்டல மசோதாவைப் புதுச்சேரி அரசு அவையில் வைக்க வேண்டும்.