மார்கழியிலும் வருக!

ஆண்டுதோறும் ஜூன் மாதத்தில், கதிரவன் மிருகசீரிட நட்சத்திரத்தில் புகும் வேளையில், நம் ஹைதராபாத்தின் நாம்பள்ளிப் பொருட்காட்சி மைதானத்தில் ஆயிரக்கணக்கான மக்கள் கூடுகின்றனர். உயிருள்ள சிறு விரால் குஞ்சின் வாயில் மஞ்சள் நிற மருந்தை வைத்து, அதை அப்படியே இரைப்பு நோயாளியின் தொண்டைக்குள் செலுத்துகின்றனர் பத்தினி கௌடு குடும்பத்தார். 1845-இல் ஒரு துறவி தம் முன்னோருக்கு அருளிய இரகசியம் இஃது என்பது அவர்கள் கூற்று. மருந்துக்குக் காசு வாங்குவதில்லை. கொரோனாவால் நின்றிருந்த இவ்வழக்கம் 2023-இல் மீண்டும் தொடங்கியது. இதற்கு அறிவியல் சான்று ஏதும் இல்லை என்று ஜன விஞ்ஞான வேதிகையினர் நெடுங்காலமாகக் கூறிவருகின்றனர்.

ஆவணப்படம் எடுப்போருக்கு இக்காட்சி கரும்பு போன்றது. துடிக்கும் மீன், அழும் குழந்தை, கைகூப்பும் தாய்! ஒருவர் நகைத்துப் படமெடுப்பார். இன்னொருவர் வியந்து படமெடுப்பார். இருவரும் மாலையில் காமிராவை மூடிக்கொண்டு போய்விடுவர். இருவரையுமே நான் குறை சொல்வேன்.

ஏன்? இரைப்பு நோய் என்றும் ஒரே நிலையில் இருப்பதன்று. பருவத்துக்குப் பருவம் ஏறும், இறங்கும். சில குழந்தைகளுக்கு வளர வளரத் தணிவதும் உண்டு. பிறகு மூச்சு எளிதானால், அது மீனின் செயலா, பருவத்தின் செயலா, வயதின் செயலா? ஒரு நாள் எடுத்த படம் இதற்கு விடை சொல்லாது. மீனை நம்பி ஒரு தாய் இன்ஹேலரை நிறுத்திவிட்டால், அக்குழந்தையின் உயிருக்கே ஆபத்து நேரலாம். அதையும் அப்படம் காட்டாது.

பிரெஞ்சுக்காரரான ழான் ரூஷ் 1954-இல், இன்று கானா எனப்படும் நாட்டின் அக்ராவில், ஹௌக்கா வழிபாட்டினரைப் படமெடுத்தார். வெள்ளை ஆளுநர் முதலானோரின் ஆவி தம்மீது இறங்கியதாக அக்கூலித் தொழிலாளர் வாயில் நுரை தள்ள ஆடினர். ரூஷ் அத்துடன் நிற்கவில்லை. மறுநாளும் சென்று, அதே மனிதர்கள் அமைதியாக வேலை செய்வதையும் காட்டினார். அந்த மறுநாள்தான் அப்படத்துக்கு அறிவு தந்தது என்பது என் துணிபு.

நம்பிக்கையைக் கேள்வி கேட்டால் மனம் புண்படாதா என்பர் சிலர். "அம்மா, குழந்தை இப்போது எப்படி இருக்கிறாள்?" என்று கேட்பதில் புண்படுத்த என்ன இருக்கிறது? எத்தனை மருத்துவமனை ஏறினீர்கள், எவ்வளவு செலவழித்தீர்கள், எங்கே கைவிடப்பட்டீர்கள் என்றும் கேட்கலாமே! அவ்விடையில் மீனின் கதையோடு நம் மருத்துவத்தின் கதையும் வெளிவரும்.

இப்பல்கலைக் கழகத்தில் திரைக்கலை பயிலும் நண்பர்களே! ஜூனில் மைதானத்துக்குச் செல்லுங்கள்; வரிசையில் நிற்போரிடம் இசைவு பெற்று முகவரி வாங்குங்கள். பின்னர், பனி மூச்சை இறுக்கும் மார்கழியில் அவ்வீடுகளின் கதவைத் தட்டுங்கள். காமிரா அன்று காண்பதே காட்டத்தக்க படம்.