ஸ்ரீதேவி: முகம் அவருடையது, ஹிந்திக் குரல் யாருடையது?

தென்னிந்திய நடிகை ஒருவர் ஒரே ஒரு ஹிந்திப் படத்தில் நடித்தாலும் போதும், 'பான் இந்தியா ஸ்டார்' என்று சொல்லிவிடுகிறோம். அந்தப் பெயர் புழக்கத்துக்கு வருவதற்குப் பல வருஷம் முன்பே அந்த இடத்தைப் பிடித்தவர் ஸ்ரீதேவி. 1963-இல் சிவகாசி பக்கத்தில் மீனம்பட்டியில் பிறந்தவர். 1977-இல் '16 வயதினிலே' மயில். அதே படத்தை ஹிந்தியில் 'சோல்வா சாவன்' என்று 1979-இல் எடுத்தபோது ஓடவில்லை. 1983-இல் 'ஹிம்மத்வாலா' ஓடியது. பிறகு 'மிஸ்டர் இந்தியா', 'சாந்தினி' என்று அவர் தொட்டதெல்லாம் பேசப்பட்டது.

ஆனால் ஒரு விஷயம் கவனியுங்கள். அவருக்கு அப்போது ஹிந்தி சரளமாக வராது. பல படங்களில் டப்பிங் வேறொருவர். 1986-இல் வந்த 'ஆக்ரி ராஸ்தா'வில் அவருக்காகப் பேசியவர் யார் தெரியுமா? நடிகை ரேகா! (அவரும் நம்ம ஜெமினி கணேசன் மகள்தான்.) ஸ்ரீதேவி ஹிந்தியில் சொந்தக் குரலில் முதன்முதலாகப் பேசியது 1989-இல், 'சாந்தினி'யில்.

இங்கே ஜொகூரில் அந்தப் படங்கள் டிவியில் மலாய் சப்டைட்டிலோடு வந்தன. மலாய்க் குடும்பங்களும் பார்த்தன, நம் வீடுகளிலும் பார்த்தார்கள். தமிழ்ப் பெண் நடிக்க, இன்னொருவர் ஹிந்தியில் பேச, நம்ம அம்மாக்கள் அதை மலாயில் வாசித்து அழுதார்கள். யோசித்தால் சிரிப்பு வருதுல்ல?

15 வருஷ இடைவெளிக்குப் பிறகு, 2012-இல் 'இங்கிலிஷ் விங்கிலிஷ்'. வீட்டில் லட்டு செய்து விற்கும் சசி. இங்கிலிஷ் வராது என்று கணவர் கிண்டல் செய்கிறார், பள்ளிக்கு அம்மா வந்தால் மகளுக்கு வெட்கம். இயக்குநர் கௌரி ஷிண்டே தன் அம்மாவை மனதில் வைத்து எடுத்த படம். ஆனால் மொழி தெரியாத இடத்தில் நிற்பது எப்படி என்று ஸ்ரீதேவிக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்காது. என்னைக் கேட்டால், அவருடைய பெரிய ஹிட்களைவிட இதுதான் முக்கியம்.

ஏனென்றால் இது நம்ம கதையும்கூட. சிங்கப்பூர் ஆபீஸில் இங்கிலிஷ், கடையில் மலாய், வீட்டில் தமிழ் என்று நாம் சுலபமாக மாறிக்கொள்கிறோம். பேங்க் கவுண்டரில் அம்மா வாயைத் திறப்பதற்குள் நாமே பதில் சொல்லிவிடுகிறோம். உதவிதான். ஆனால் அம்மாவுக்கு அது எப்படி இருக்கும் என்று கேட்டிருக்கிறோமா?

2018 பிப்ரவரியில் துபாயில் ஸ்ரீதேவி காலமானார். 'மாம்' படத்துக்கான தேசிய விருது அதற்குப் பிறகுதான் வந்தது.

அம்மாவோடு உட்கார்ந்து பார்ப்பதாக இருந்தால் 'இங்கிலிஷ் விங்கிலிஷ்' தமிழ் வடிவத்தையே போடுங்கள். விமானத்தில் பக்கத்து சீட்டில் அமிதாப் பச்சனுக்குப் பதில் அஜித் இருப்பார்.