மயில் கழுத்துப் பட்டு எங்கே போச்சு?

கல்யாண வீடியோ வந்ததும் வீட்டில் கிளம்பும் முதல் கேள்வி: "மயில் கழுத்துக் கலர்ல தானே பட்டு எடுத்தோம், இதுல இலைப் பச்சையா தெரியுதே?" வீடியோக்காரரைக் கேட்டால், "கலர் கிரேடிங் பண்ணியிருக்கோம்மா, இப்ப இதுதான் ட்ரெண்ட்" என்பார்.

கிரேடிங் மேல் குற்றமில்லை. 2000-ல் வந்த 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தவ்?' படத்தை கோயன் சகோதரர்கள் அமெரிக்காவின் மிசிசிப்பியில் கோடையில் எடுத்தார்கள். ஊரே பசேலென்று இருந்தது. கதை 1930-களில் நடப்பது. புழுதி படிந்த, காய்ந்த தோற்றம் வேண்டும். ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் லேபில் ரசாயன முறைகளை முயன்று பார்த்தார், சரிவரவில்லை. கடைசியில் படம் முழுவதையும் ஸ்கேன் செய்து, கம்ப்யூட்டரில் பச்சையை மஞ்சளாக்கினார்கள். வாரக்கணக்கில் நடந்த வேலை அது.

இன்று அதை ஒரு ப்ளக்-இன் செய்துவிடுகிறது. டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பிலேயே 'ஹியூ வெர்சஸ் ஹியூ' என்று ஒரு கோடு இருக்கிறது. போன் ஆப்கள் பலவற்றில் 'எச்.எஸ்.எல்.' என்று இருக்கும். நிறங்களை வட்டமாக வைத்துக் கணக்கு: சிவப்பு 0 டிகிரி, மஞ்சள் 60, பச்சை 120, நீலம் 240. பச்சையை மஞ்சள் பக்கம் தள்ளினால் தோப்பே வைக்கோல் நிறமாகிவிடும்.

ஆனால், இலை எது, புடவை எது என்று அந்தக் கோட்டுக்குத் தெரியாது. மயில் கழுத்து, பச்சைக்கும் நீலத்துக்கும் நடுவில் இருக்கிற நிறம். வலையை அகலமாக வீசினால் பட்டும் சேர்ந்து சிக்கும். மறுபக்கம் நலங்கில் மஞ்சள் பூசிய முகம் நிற்கிறது. அதுவும் நகர்ந்தால் பெண்ணுக்கு மஞ்சள் காமாலையா என்று கேட்பார்கள்!

கையாளத் தெரிந்தவர் முதலில் இலையைத் தொட்டு அந்தப் பச்சையை மட்டும் எடுப்பார். எல்லையைக் குறுக்குவார். புடவையையும் முகத்தையும் மாஸ்க் போட்டு ஒதுக்குவார். பிறகு பத்துப் பதினைந்து டிகிரி, அவ்வளவுதான் நகர்த்துவார். ரொம்பவும் குறுக்கினாலும் வம்பு. சாதாரண போன் வீடியோ நான்கு பிக்சலுக்கு ஒரு நிற விவரம்தான் வைத்திருக்கும், ஓரங்கள் திட்டுத்திட்டாகிவிடும்.

கல்யாணத்துக்கு முன்பே புடவையைப் பகல் வெளிச்சத்தில் ஒரு போட்டோ எடுத்து வீடியோக்காரரிடம் கொடுத்துவிடுங்கள். கிரேடிங் செய்யாத மூலப் பதிவையும் ஹார்ட் டிஸ்க்கில் கேட்டு வாங்குங்கள். அது கையில் இருந்தால், பத்து வருடம் கழித்துக்கூட அந்த மயில் கழுத்தை மீட்டுவிடலாம்.