நடிகருக்கு நீதிபதி, விவசாயிக்குத் தனி அலுவலர்

கூட்டுறவுச் சங்கத் தேர்தல் எப்போது என்று கேட்டால், 'உறுப்பினர் பட்டியலைச் சரிபார்த்துக்கொண்டிருக்கிறோம்' என்கிறார்கள். இந்தப் பதிலைப் படித்துப் படித்து நமக்கே அலுத்துவிட்டது. 2018இல் வந்த நிர்வாகக் குழுக்களின் ஐந்தாண்டுக் காலம் 2023இல் முடிந்தது. தேர்தல் வர வேண்டிய இடத்தில் அரசு நியமித்த தனி அலுவலர் வந்து உட்கார்ந்தார். கோடிக்கணக்கானவர்கள் ஓட்டுப் போடும் சட்டமன்றத் தேர்தலுக்குப் பட்டியல் தயாரிக்கத் தெரிந்த மாநிலத்தில், ஒரு கிராமத்துக் கடன் சங்கத்தில் செத்தவர் பெயரை அடிக்க எத்தனை வருடம் வேண்டும்?

சரி, தேர்தல் வந்தால் மட்டும் என்ன லட்சணத்தில் வரும்? 2018இல் குவிந்த புகார்களை நினைத்துப் பாருங்கள். மனுத் தாக்கல் அன்று சங்கத்துக்குப் பூட்டு. பூட்டு திறந்திருந்தால் தேர்தல் அலுவலர் இல்லை. அவரும் இருந்துவிட்டால் படிவம் இல்லை. மாலையில் பார்த்தால் அறிவிப்புப் பலகையில் 11 இடத்துக்கு 11 பேர், 'போட்டியின்றித் தேர்வு'! அண்ணனும் தம்பியும் ஒரு முழம் வரப்புக்காகக் கோர்ட் படி ஏறுகிற ஊர் அது. பஞ்சாயத்து வார்டு உறுப்பினர் பதவிக்கே நாலு பேர் முட்டிக்கொள்கிற ஊர் அது. சங்க நிர்வாகக் குழு விஷயத்தில் மட்டும் அத்தனை பேரும் ஒருமனதாகிவிட்டார்களாம். அதுவும் ஆளுங்கட்சிக்காரர் பெயரில். ஒரு ஊரில் நடந்தால் நம்பலாம். ஊருக்கு ஊர் நடந்தால்? உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அந்தத் தேர்தலுக்கே தடை போட்டு, வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது சும்மா இல்லை.

இதில் இந்தக் கட்சி, அந்தக் கட்சி என்ற பேதமே கிடையாது. 2001இல் ஆட்சி மாறியதும் அ.தி.மு.க. அரசு தனி அலுவலர்களை உட்கார வைத்தது. 2021இல் ஆட்சிக்கு வந்த தி.மு.க. அரசு, அடுத்த ஜனவரியிலேயே குழுக்களின் காலத்தை ஐந்திலிருந்து மூன்றாண்டாகக் குறைக்க மசோதா நிறைவேற்றியது. எதிராளியை இறக்குவதற்கு அத்தனை வேகம். புதியவரை ஏற்றுவதற்கு மட்டும் பட்டியல் சரிபார்ப்பு! 2021 பிப்ரவரியில் தள்ளுபடியான கூட்டுறவுப் பயிர்க்கடன் மட்டும் 12,110 கோடி ரூபாய். அவ்வளவு பணம் புழங்கும் இடத்தின் சாவியை யார்தான் சுலபத்தில் விடுவார்?

தேர்தலுக்கென்று தனி ஆணையம் இருக்கிறதே என்பார்கள். இருக்கிறது. ஆனால் ஊரில் உட்கார்ந்து மனு வாங்குகிறவர் கூட்டுறவுத் துறையின் ஆள். அவர் அநியாயம் செய்தார் என்று உயர் நீதிமன்றம் போனால், 'கூட்டுறவுச் சட்டத்தில் 90ஆவது பிரிவு இருக்கிறதே, பதிவாளரிடம் போங்கள்' என்ற பதிலே பெரும்பாலும் கிடைக்கும். பதிவாளர் யார்? அதே துறையின் தலைவர். மருமகள் கொடுக்கும் புகாரை மாமியாரே விசாரிக்கிற ஏற்பாடு.

இதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்: 2015இல் நடிகர் சங்கத் தேர்தல் நடந்தது. மூவாயிரத்துச் சொச்சம் ஓட்டு. அதற்கு ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதி பத்மநாபன் தேர்தல் அதிகாரி, வாசலில் போலீஸ், தமிழ்நாடே தொலைக்காட்சி முன்னால். நல்லது, நடிகர்களுக்கு நியாயம் கிடைக்கட்டும். விதைக்கும் உரத்துக்கும் நகையை அடகு வைக்கிற விவசாயி என்ன பாவம் செய்தான்? மாவட்டத்துக்கு ஒரு ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதியை உயர் நீதிமன்றம் நியமிக்கட்டும். மனுவைச் சங்க அலுவலகத்தில் வாங்கவே கூடாது, தாலுகா கோர்ட்டில் வாங்க வேண்டும். அங்கே பூட்டுப் போட எந்தக் கட்சிக் கிளைச் செயலாளருக்கும் தைரியம் வராது. தேர்தல் தகராறுகளும் பதிவாளர் கையை விட்டு மாவட்ட நீதிமன்றத்துக்கு மாறட்டும். கோர்ட்டில் ஏற்கெனவே வழக்குகள் தேங்கிக் கிடக்கின்றன என்று அலுத்துக்கொள்ளாதீர்கள். தேர்தலை ஒழுங்காக நடத்தினால் வழக்கே பாதி குறையும்.

நம் பழைய புலம்பல் ஒன்றும் இதோடு சேர்ந்ததுதான். ரேஷன் கடைகளில் பெரும்பாலானவை கூட்டுறவுச் சங்கங்கள் நடத்துபவை. அரிசி வாங்கப் போகிறவர் தலையில் உப்பையும் சோப்பையும் டீத்தூளையும் கட்டாதீர்கள் என்று இந்தப் பக்கத்தில் எத்தனை முறை எழுதுவது? உங்கள் ஓட்டில் ஜெயித்த இயக்குநர் தெருவில் இருந்தால் அவர் சட்டையைப் பிடித்துக் கேட்கலாம். தனி அலுவலரை எந்தத் தெருவில் தேடுவது?

சங்க உறுப்பினராக இருக்கும் வாசகர்கள் இந்த வாரமே போய், பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று கேளுங்கள். கூட்டுறவுச் சங்கம் தகவல் உரிமைச் சட்டத்துக்குள் வராது என்று உச்ச நீதிமன்றத்தின் 2013ஆம் ஆண்டுத் தீர்ப்பைக் காட்டித் திருப்பி அனுப்பப் பார்ப்பார்கள். பதிவாளர் அலுவலகம் அந்தச் சட்டத்துக்குள் வரும். மனுவை அங்கே போடுங்கள்.