பத்திரிகைப் பிரபுக்கள்
1930-ல் 'டெய்லி மெயில்' அதிபர் ராதர்மியர் பிரபு, கன்ஸர்வேடிவ் தலைவர் பால்ட்வினுக்கு ஒரு நிபந்தனை விதித்தார்: வருங்கால மந்திரிகளின் பெயர்களை முன்கூட்டியே தமக்குத் தெரிவித்தாலன்றி ஆதரவில்லை! எந்த வோட்டரும் தேர்ந்தெடுக்காத ஒருவருக்கு இவ்வதிகாரம் எங்கிருந்து வந்தது? பால்ட்வின் அதைப் பகிரங்கப்படுத்தி நிராகரித்தார். 1931 மார்ச்சில் வெஸ்ட்மின்ஸ்டர் ஸெயின்ட் ஜார்ஜ் தொகுதி உபதேர்தலில், ராதர்மியரும் 'டெய்லி எக்ஸ்பிரஸ்' பீவர்புரூக்கும் ஆதரித்த அபேக்ஷகர் தோற்றார். பால்ட்வின் கட்சியின் டப் கூப்பர் ஜெயித்தார். (பால்ட்வினும் நமக்குச் சுயராஜ்யம் கொடுக்க வந்தவரல்லர்.)

பிரசாரத்துக்காகவே பத்திரிகை நடத்தியதாக 1948-ல் ராயல் கமிஷன் முன் பீவர்புரூக் கூறினார். அந்த நேர்மையாவது அவரிடம் இருந்தது. முதலாளியின் சுயநலத்தையே பொதுஜன அபிப்பிராயமென்று விற்போரை என்னென்பது? அதிபரின் இதரத் தொழில்கள் எவை, அவற்றுக்குச் சர்க்காரிடம் ஆகவேண்டிய காரியம் யாது என்பதை ஒவ்வொரு பத்திரிகையும் அச்சிட வேண்டுமென்கிறோம், நம்முடையதும் உட்படத்தான்.