கட்டும் போச்சு, மரமும் போச்சு

அண்ணன் மகள் ஏழாவது படிக்கிறாள். 'அபூர்வ ஆங்கிலச் சொற்கள்' என்று ஒரு தாளைக் கொடுத்து, பொருளையும் உச்சரிப்பையும் மனப்பாடம் செய்யச் சொல்லியிருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை மாமல்லபுரம் கடற்கரை மணலில் உட்கார்ந்து ஒப்பித்துக்கொண்டிருந்தாள். நான் சுண்டல் கொறித்தபடி கேட்டுக்கொண்டிருந்தேன்.

"கேட்டமரேன். இரண்டு அடிப்பாகம் உள்ள படகு."

"அது நம்ம கட்டுமரம்டி!"

"அப்படித்தான் எழுதினேன் சித்தப்பா. உச்சரிப்பும் தப்பு, அர்த்தமும் தப்புன்னு மிஸ் அடிச்சிட்டாங்க."

சுண்டல் தொண்டையில் நின்றது. எதிரே கரையில் கிடந்தவை ஃபைபர் படகுகள்தான். கட்டுமரத்தைக் காட்டி வாதாடவும் வழியில்லை. கட்டுமரத்துக்கு ஏது இரண்டு அடிப்பாகம்? மரங்களைச் சேர்த்துக் கயிற்றால் கட்டினால் ஆயிற்று. உள்ளே ஏறிய அலை இடுக்கு வழியாகவே வடிந்துவிடும். தண்ணீர் தேங்கினால்தானே மூழ்குவதற்கு! கரைக்கு வந்ததும் கட்டை அவிழ்த்துக் காயப்போடலாம். 1697-இல் வில்லியம் டாம்பியர் அச்சிட்ட பயண நூலிலேயே இந்தச் சொல் ஏறிவிட்டது. பிற்பாடு வெள்ளைக்காரர்கள் தங்கள் இரட்டைப் படகுக்கு அந்தப் பெயரை எடுத்துக்கொண்டார்கள். சண்டைக்காரப் பொம்பளையைத் திட்டவும் அதே சொல்லாம். போகட்டும். மூன்றாக்கிக் கட்டியபோது 'டிரைமரேன்' என்றார்களே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை. கட்டை அவிழ்த்து எறிந்துவிட்டு மரத்தை மட்டும் வாலாக ஒட்டிக்கொண்டார்கள். அந்த வால் மரம் என்பதாவது தெரிந்திருக்குமா?

தாளில் அடுத்தது 'மல்லிகடானி'. மல்லி என்று தொடங்குவதால் கொத்தமல்லி சூப்பாக இருக்கும் என்று இவளே ஒரு விளக்கம் வைத்திருக்கிறாள். சளி பிடித்தால் இவள் ஆயா வைத்துக் கொடுக்கும் மிளகுத்தண்ணி அது! 'ஷெரூட்' நம்ம சுருட்டு. 'கொரண்டம்' என்றால் கல்லைத் தேய்த்து மெருகேற்றும் நம்ம குருந்தக்கல். நாங்கள் உட்கார்ந்திருந்த இடத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் சிற்பப் பட்டறைகள். 1886-இல் வந்த 'ஹாப்சன்-ஜாப்சன்' அகராதியில் யூலும் பர்னலும் எந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று ஒளிக்காமல் எழுதிவிட்டுப் போனார்கள். இந்தத் தாளைத் தயாரித்தவர்களுக்கு அதற்குக் கூட மனம் வரவில்லை.

ஊர்ப்பெயர்களையும் விட்டார்களா? செங்கல்பட்டு 'சிங்கிள்புட்'. கோவளம் 'கோவ்லாங்'. சதுரங்கப்பட்டினம் நறுக்கென்று 'சட்ராஸ்'. 2020 ஜூனில் 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்தைத் தமிழ் உச்சரிப்புக்கு ஏற்ப மாற்றி அரசாணை வெளியானது. உச்சுக்கொட்டி முடிப்பதற்குள் அதைத் திரும்பப் பெற்றுவிட்டார்கள்.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவள் தாளை மடித்தாள்.

"சரி சித்தப்பா, பரீட்சையில எதை எழுதறது?"

கடலைப் பார்த்தேன். ஃபைபர் படகு ஒன்று மோட்டார் சத்தத்தோடு கிளம்பிக்கொண்டிருந்தது.

"ரெண்டு அடிப்பாகம்னே எழுதிடும்மா."